முனிவர் உரைத்ததும் மன்னன் செய்ததும்

யாழ்ப்பாண வைபவமாலையைக் கையிலெடுத்து முறையாகப் படித்து வருவோர், நூலின் நடுப்பகுதிக்கு வந்ததும் ஓரிடத்திற் சற்றே தயங்கி நிற்பர். கோயிலெடுத்ததும் குளந்தொட்டதும் குடியேற்றியதுமாக அதுவரை ஆற்றொழுக்காய் வந்த கதை, நல்லூர் அரண்மனைக்குள் ஒரு முனிவர் அடியெடுத்து வைத்தவுடன் சுழியிற் பட்ட தெப்பம்போல நின்று சுழல்கின்றது. அம்முனிவரின் பெயர் சுபதிட்ட முனிவர். அவரை எதிர்கொண்டு ஆசனமளித்து உபசரித்தவன் பரராசசேகர மன்னன். உபசாரம் முடிந்தபின் அம்மன்னன் கேட்ட கேள்வி ஒன்றே. என் அரசும் என் மரபும் இனி எவ்வாறாகும் என்பதே அது.

அக்கேள்வியை அவன் ஏன் கேட்டான் என்பதை அறிய அவனுடைய இளமையை அறிதல் வேண்டும். அவன் தந்தை கனகசூரிய சிங்கையாரியன். 1450ஆம் ஆண்டளவிற் கோட்டை அரசனின் படைத்தலைவனாகிய சப்புமல் குமாரயா, நம்மவர் செண்பகப் பெருமாள் என அழைப்பவன், வடக்கே படையெடுத்து வந்து நல்லூரைக் கைப்பற்றினான். கனகசூரியன் தன் மக்களை அழைத்துக்கொண்டு கடல் கடந்து தமிழகம் புகுந்தான். ஏறக்குறையப் பதினேழு ஆண்டுகள் அவ்வரச குடும்பம் பிறர் நிழலில் வாழ்ந்தது. சப்புமல் கோட்டை அரியணையை நாடித் தெற்கே போன பின்னர், 1467ஆம் ஆண்டளவிலேதான் தந்தையும் மக்களும் மீண்டும் தம் மண்ணை மிதித்தனர். இளமையில் அரசை இழந்து அலைந்தவன், முதுமையில் அரசைப் பற்றி அஞ்சுதல் இயல்பே. 1478ஆம் ஆண்டு தொடங்கி நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக அவன் நல்லூரில் வீற்றிருந்தான். தமிழுக்கும் வைத்தியத்துக்கும் அவன் செய்த ஆதரவு இன்றும் பேசப்படுகின்றது. பரராசசேகரம் என்னும் வைத்திய நூல் அப்பெயரைத் தாங்கியே நிற்கின்றது. ஆயினும் அவன் மனத்தின் ஒரு மூலையிற் பழைய தோணிப் பயணத்தின் நினைவு இருந்தே தீரும் என்று நான் எண்ணுகின்றேன்.

முனிவர் மறைக்காமற் சொன்னார். பட்டத்துக்குரிய மூத்த மகன் நஞ்சினால் மாள்வான். அடுத்தவன் வாளுக்கு இரையாவான். மணமுறைப்படியான மனைவியர் வயிற்றிற் பிறவாத சங்கிலி அரசைக் கைப்பற்றுவான். அவன் காலத்திற் பறங்கியர் வந்து நாட்டைப் பிடிப்பர். அவர் கையிலிருந்து அது ஒல்லாந்தர் கைக்கு மாறும். இவ்வாறு ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கிய செய்தி கேட்டு மன்னன் துயரில் ஆழ்ந்தான் என்பது கதை.

இக்கதையை ஆண்டுதோறும் வகுப்பிற் சொல்லி வருபவன் நான். பிராசீனக் கலாசாலையிற் பண்டிதப் படிப்புப் படித்த காலத்தில் என் ஆசிரியரிடம் கேட்ட முறையிலேயே, முனிவர் வருகையிலிருந்து தொடங்கி, நஞ்சு, வாள், அரியணை, பறங்கியர் என்று வரிசை பிசகாமற் சொல்லுவேன். மாணவர் மூச்சடக்கிக் கேட்பர். என் வகுப்பில் ஒரே வாங்கிலே திருநீறணிந்த பிள்ளையும் கழுத்திற் செபமாலை அணிந்த பிள்ளையும் அருகருகே அமர்ந்திருப்பர். மன்னார்ப் பகுதியிலே இது புதுமையன்று. சில ஆண்டுகளுக்கு முன் அவ்வாறு கதை சொல்லி முடித்த ஒரு நாள், பின்வரிசையிலிருந்து ஒரு மாணவன் எழுந்தான். மன்னார்த் தீவிலுள்ள தோட்டவெளிப் பக்கத்துப் பிள்ளை. எல்லாம் முன்னரே முனிவர் சொன்னபடிதான் நடந்ததென்றால், எங்கள் ஊர்ச் சனங்களை வெட்டியதற்குச் சங்கிலி மன்னன்மேற் குற்றம் உண்டா, இல்லையா என்று கேட்டான். மணியடித்தது. நாளைக்குச் சொல்கின்றேன் என்று கூறி வகுப்பை விட்டு வெளியேறினேன். மறுநாள் சொல்வதற்கு என்னிடம் ஒன்றும் இருக்கவில்லை. இருபத்தைந்து ஆண்டு ஆசிரியத் தொழிலில் இப்படி ஒரு சின்னஞ்சிறு கேள்விக்கு முன் நான் நாணி நின்றது அதுவே முதன்முறை. பின்னர்ச் சங்கிலியின் வரலாற்றை வேறொரு கண்கொண்டு படிக்கலானேன். அவ்வாறு படித்ததன் பயனே இக்கட்டுரை.

முதலில் வைபவமாலை கூறும் கதையையே எடுத்துக்கொள்வோம். பரராசசேகரனின் பட்டத்துத் தேவிக்குப் பிறந்தோர் சிங்கவாகு, பண்டாரம் என்னும் இருவர். மற்றொரு தேவியின் மக்களுள் மூத்தவன் பரநிருபசிங்கன். மங்கத்தம்மாள் என்பவள் வயிற்றிற் பிறந்தவன் சங்கிலி. சிங்கவாகு நஞ்சூட்டப்பட்டு இறந்தான். அது சங்கிலியின் செயலென்று ஊர் முழுவதும் ஐயுற்றது. பின்னர் மன்னன் மகாமகத்துக்காகக் கும்பகோணம் சென்றபோது, பண்டாரத்தை நாட்டில் நிறுத்தி, சங்கிலியைத் தன்னுடன் கூட்டிச் சென்றான். போன இடத்திற் சங்கிலி செய்த குழப்பத்தினால் தகப்பனும் சேர்ந்து சிறைப்பட நேர்ந்தது. சிறையிலிருந்து இருவரையும் மீட்டுக் கொணர்ந்தவன் பரநிருபசிங்கனே. மீட்டவன் கண்டிக்கு வைத்தியம் பார்க்கப் போயிருந்த சமயத்தில், மீட்கப்பட்டவன் பண்டாரத்தை வாளால் வெட்டிவிட்டு அரியணை ஏறினான். திரும்பி வந்த பரநிருபசிங்கனுக்குக் கிடைத்தவை சில ஊர்கள் மட்டுமே.

இக்கதையில் ஒரு விந்தையைக் கவனியுங்கள். முனிவர் சொன்ன சொல்லைச் செவியாரக் கேட்டவன் தகப்பன். எந்த மகனால் எந்த மகன் மாள்வான் என்பது அவனுக்குத் தெரியும். தெரிந்தும் அவன் செய்தது யாது? மூத்தவன் நஞ்சுண்டு இறந்தபோது விசாரணை வைத்தானில்லை. இரண்டாமவனுக்குக் காவல் வைத்தானில்லை. ஐயத்துக்குரியவனையே தீர்த்த யாத்திரைக்குத் துணையாகக் கூட்டிச் சென்றான். சிறையிற் கிடந்தவனை அங்கேயே விட்டு வந்திருந்தாற்கூட வரலாறு மாறியிருக்கும். ஆனால் பெற்ற மனம் அதற்கு இணங்கவில்லை. முனிவரின் வாக்கு அவனுக்கு எச்சரிக்கையாகப் பயன்படவில்லை. கைகட்டி இருப்பதற்கு ஒரு நியாயமாகவே பயன்பட்டது.

நம் இலக்கியத்தில் இதற்கு நேர்மாறான நிகழ்ச்சி ஒன்று உண்டு. சேரன் அவையில் ஒரு நிமித்திகன், மூத்தவனாகிய செங்குட்டுவன் இருக்க, இளையவனாகிய இளங்கோவுக்கே அரசு வீற்றிருக்கும் இலக்கணம் உண்டென்று கூறினான். அண்ணன் முகம் வாடக் கண்ட தம்பி, அக்கணமே அரசுரிமையைத் துறந்து குணவாயிற் கோட்டத்துக்குச் சென்று அடிகளாயினான். நிமித்திகன் சொல் பொய்த்தது. தமிழுக்குச் சிலப்பதிகாரம் கிடைத்தது. ஊழின் வலியைச் சொல்ல எழுந்த அந்நூலை இயற்றியவரே தம் வாழ்க்கையில் ஊழ் என உரைக்கப்பட்டதை ஒரு கணத்தில் மாற்றிக் காட்டியவர் என்பதை வகுப்பில் நாம் போதிய அளவு அழுத்திச் சொல்வதில்லை.

பிறநாட்டார் கதைகளும் உண்டு. வடகடலோடிகளாகிய வைக்கிங் மரபிற் பிறந்து கீவ் நகரை ஆண்ட ஒலெக் என்பான், தனக்கு எதனால் மரணம் வருமென்று குறிசொல்வோரிடம் கேட்டான். அவன் விரும்பி ஏறும் குதிரையினாலேயே என்றனர். அன்றுமுதல் அவன் அக்குதிரையில் ஏறவில்லை. நன்றாகத் தீனியிட்டு வளர்க்கச் சொல்லிவிட்டுக் கண்காணாமல் வைத்தான். பல்லாண்டு கழித்துக் குதிரை இறந்துவிட்டதென்று கேட்டு, குறிசொன்னவரை எள்ளி நகைத்து, அதன் எலும்பைப் பார்க்கப் போய் மண்டையோட்டைக் காலால் உதைத்தான். உள்ளேயிருந்த பாம்பு தீண்டி இறந்தான். 912ஆம் ஆண்டு நிகழ்ந்ததாக உருசிய நாட்டுப் பழைய வரலாற்றேடு இதனைக் குறிக்கின்றது. இளங்கோ மாற்றினார், ஒலெக் மாற்ற முயன்றான், பரராசசேகரன் முயலவுமில்லை. மூவரில் நம்மவனே மிகவும் இரங்கத்தக்கவன் என்பது என் எண்ணம்.

இனி ஏடு கூறும் கதையை விட்டு வரலாற்றுக்கு வருவோம். வைபவமாலையை எழுதியவர் மாதகல் மயில்வாகனப் புலவர். காலம் பதினெட்டாம் நூற்றாண்டு, ஒல்லாந்தர் ஆட்சி. கைலாயமாலை, வையாபாடல், பரராசசேகரன் உலா, இராசமுறை முதலிய நூல்களைத் துணைக்கொண்டு அவர் எழுதினார். அவர் எழுதியபோது பறங்கியர் வந்துபோய் நெடுங்காலமாகிவிட்டது. ஒல்லாந்தர் அவர் கண்முன்னே ஆண்டுகொண்டிருந்தனர். ஆகவே முனிவர் வாயில் வைக்கப்பட்ட வருங்காலம் புலவருக்குக் கடந்த காலம். முதலியார் இராசநாயகமும் சுவாமி ஞானப்பிரகாசரும் இந்நூலைத் துருவி ஆராய்ந்து, இதிற் காலங்களும் ஆட்களும் கலந்து கிடப்பதை எடுத்துக்காட்டினர்.

அக்கலப்பிற் பெரியது சங்கிலியைப் பற்றியதே. சங்கிலி என்னும் பெயருடைய மன்னர் இருவர். முதலாமவன் செகராசசேகரன் என்னும் சிங்காசனப் பெயருடன் 1519ஆம் ஆண்டளவில் அரசேறி நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆண்டவன். இரண்டாமவன் சங்கிலி குமாரன். 1617இல் ஆட்சியைக் கைப்பற்றி, 1619இற் பிலிப்பு ஒலிவேறாவிடம் நாட்டை இழந்து, கோவைக்குக் கொண்டுபோகப்பட்டுத் தலை துணிக்கப்பட்டவன். வைபவமாலை இவ்விருவரையும் ஒருவனாக்கிவிட்டது. முனிவரின் வாக்கும் அதே பிழையைச் செய்கின்றது. மெய்யாகவே முக்காலமும் உணர்ந்த ஒருவர், நூறாண்டு இடைவெளியில் வாழ்ந்த இரு மன்னரை ஒருவனென்று மயங்கியிரார். பிழை செய்தவர் பின்னால் எழுதியோரே. முனிவரை நாம் விட்டுவிடலாம்.

முனிவரை விட்டவுடன் மன்னன் தனியே நிற்கின்றான். அவன்மேற் படிந்திருந்த ஊழ் என்னும் போர்வை கழன்று விழுகின்றது. முதலாம் சங்கிலி எத்தகைய மனிதன்? பறங்கியர் அவனைக் கொடுங்கோலன் என்றே எழுதினர். பகைவர் எழுதியதை அப்படியே கொள்ளவேண்டியதில்லை. எனினும் அவர்கள் எழுத்திலிருந்தே அவனுடைய மதிநுட்பமும் தெரிகின்றது. தெற்கே கோட்டை அரசன் புவனேகபாகு போர்த்துக்கேயரின் நிழலில் ஒதுங்கியபோது, சங்கிலி அவனுக்கு எதிரியான சீதாவாக்கை மாயாதுன்னையுடன் உறவு கொண்டான். 1543இல் ஆளுநர் மார்ட்டின் அபொன்சோ டி சூசாவின் கப்பற்படை நெடுந்தீவுப் பக்கம் வந்தபோது, போர் தொடுக்காமல் திறைகொடுக்க உடன்பட்டு அவர்களைத் திருப்பி அனுப்பினான். பலம் எதுவரை என்பதை அளந்தறிந்தவன் அவன். அத்தகைய ஒருவன் மறு ஆண்டே மன்னாரில் அந்தச் செயலைச் செய்தான் என்பதுதான் ஆராயத்தக்கது.

மன்னார்த் தீவைப் பாராதவர்களுக்காகச் சில சொற்கள். பெருநிலத்திலிருந்து கடலேரியைக் குறுக்கறுத்துச் செல்லும் நெடிய தாம்போதி வழியே தீவை அடைதல் வேண்டும். மாரிக்காலத்தில் இருமருங்கும் பூநாரைகள் கூட்டமாய் நிற்கும். தீவின் வாயிலிற் கோட்டை, அப்பாற் பனந்தோப்பும் வெண்மணலும் மீனவர் குடிகளும், மேற்கே பேசாலை, முனையிலே தலைமன்னார், அதற்கப்பால் இராமேசுவரம் நோக்கி நீளும் மணற்றிட்டுகள். பள்ளிமுனையில் ஒரு பெருக்க மரம் உண்டு. அரபு வணிகர் ஆபிரிக்காவிலிருந்து கொண்டுவந்து நட்டதென்பர். அதன் அடிமரச் சுற்றளவு 19 மீற்றருக்கு மேற்பட்டது. சங்கிலியின் படை வந்த நாளிலும் அம்மரம் அங்கே நின்றது என்று கொள்வதிற் தவறில்லை. தீவின் தெற்கே சிலாபத்துறை, அரிப்புக் கரைகளுக்கு எதிரே முத்துப்பார்கள். நல்லூர்க் கருவூலத்துக்கு இக்கரையின் வருவாய் எவ்வளவு இன்றியமையாதது என்பதை இவ்வமைப்பே சொல்லும்.

எதிர்க்கரையிலே 1536, 1537ஆம் ஆண்டுகளில் ஒரு பெருமாற்றம் நிகழ்ந்தது. தூத்துக்குடி முதலான முத்துக்குளித்துறையின் பரதவர், தம்மை நெருக்கிய பகைவரிடமிருந்து காக்கப் போர்த்துக்கேயரை வேண்டி, ஆயிரக்கணக்கில் ஞானஸ்நானம் பெற்றனர். காவலும் வந்தது, காவலனுடைய கொடியும் வந்தது. 1542இல் பிரான்சிஸ் சவேரியார் அக்கரைக்கு வந்து ஊர் ஊராக நடந்து போதித்தார். அவருடைய புகழ் கடல் கடந்து மன்னாரை எட்டிற்று. மன்னார்த் தீவிற் பட்டிம் என்ற ஊரின் மக்கள் அவரைத் தம்மிடம் வரும்படி ஆளனுப்பி வேண்டினர். அவரால் அப்போது வர இயலவில்லை. தம் சார்பில் ஒரு குருவை அனுப்பினார். குரு வந்து பலருக்குத் திருமுழுக்களித்தார்.

செய்தி நல்லூரை அடைந்தது. எதிர்க்கரையில் நடந்ததையெல்லாம் ஏழெட்டு ஆண்டுகளாகப் பார்த்துக்கொண்டிருந்தவன் சங்கிலி. மதமாற்றம் என்பது அவன் கண்ணுக்குக் குடிமாற்றமாகவே பட்டிருக்கும். இன்று திருமுழுக்கு, நாளை பறங்கியர் காவல், மறுநாள் முத்துச்சலாபம் கைநழுவும் என்று அவன் கணக்கிட்டிருப்பான். அக்கணக்கு முழுதும் பிழையென்று சொல்லமுடியாது. 1544ஆம் ஆண்டின் கடைப்பகுதியில் அவனது படை தீவில் இறங்கிற்று. புதிய சமயத்தை விட மறுத்தவர்கள் வெட்டப்பட்டனர். மாண்டோர் அறுநூறு பேர் என்பது வழிவழி வந்த கணக்கு. அதற்கு மேல் என்பாரும் உளர். ஆடவரும் பெண்டிரும் குழந்தைகளும் அவருள் இருந்தனர்.

அம்மக்கள் எவர்? வாளேந்திய கூட்டத்தார் அல்லர். வலை வீசியும் ஓடம் வலித்தும் பிழைத்த எளிய குடிகள். போர்த்துக்கேயப் படைவீரன் ஒருவனையேனும் அவர்கள் தம் ஊரில் வைத்திருக்கவில்லை. திறை கேட்டு வந்த கப்பற்படைக்குப் பணிந்தவன், ஆயுதமில்லாத தன் குடிமேல் வாளெடுத்தான். எதிரியிடம் காட்டிய பொறுமையிற் காற்பங்கு குடிகளிடம் காட்டியிருந்தால் என்று நான் பலமுறை எண்ணியதுண்டு. நான் சைவன். நல்லூரின் இறைமைக்காகப் போராடியவன் என்று சங்கிலியை என் இளமையிற் பெருமிதத்தோடு பாடிப் பேசியவன். அப்பெருமிதம் முழுதும் என்னைவிட்டுப் போய்விடவில்லை. ஆனால் அறுநூறு என்ற எண்ணுக்கு முன்னால் அது வாய்திறக்க அஞ்சுகின்றது.

இனி வந்த விளைவுகளைப் பார்ப்போம். செய்தியறிந்த சவேரியார் பெரிதும் வருந்தி, சங்கிலியைத் தண்டிக்கவேண்டுமென்று ஆளுநரை வற்புறுத்தினார். சங்கிலியால் உரிமையிழந்து ஓடியிருந்த அவனுடைய உடன்பிறப்பு ஒருவனை அரசனாக்கும் ஆலோசனையும் எழுந்தது. 1545இல் நாகபட்டினத்திற் படை திரட்ட ஏற்பாடு நடந்தது. சவேரியார் தாமே அங்குச் சென்று காத்திருந்தார். அப்பொழுது பெகுவிலிருந்து சரக்கேற்றி வந்த போர்த்துக்கேயக் கப்பல் ஒன்று யாழ்ப்பாணக் கரையில் தரைதட்டிற்று. சரக்கு முழுவதையும் சங்கிலி கைப்பற்றிக்கொண்டான். சரக்கை மீட்பதா, சங்கிலியைத் தண்டிப்பதா என்ற கேள்வி பிறந்தது. சரக்கே வென்றது, படையெடுப்புக் கைவிடப்பட்டது. அறுநூறு உயிருக்காக எழுந்த சினம் ஒரு கப்பற் பண்டத்துக்கு முன் அடங்கிப்போனதைக் கண்டு அத்துறவி என்ன நினைத்திருப்பார்!

சங்கிலி தப்பிவிட்டதாகவே தோன்றியது. பதினைந்து ஆண்டுகள் ஓடின. தெற்கிலிருந்து தோற்றோடிவந்த வீதிய பண்டாரன் நல்லூரில் அடைக்கலம் புகுந்ததும், 1555ஆம் ஆண்டளவில் அங்கு நேர்ந்த கலகத்தில் அவன் மாண்டதும் இடையில் நிகழ்ந்தவை. சவேரியார் 1552இற் சீனக் கரையோரத் தீவொன்றில் உயிர்நீத்தார். மன்னார்க் கதையை எல்லோரும் மறந்தாற்போல இருந்தது.

மறக்கப்படவில்லை. 1560இற் பதிலரசர் கொன்சுதந்தீனு டி பிறகன்சா பெரும் படையோடு யாழ்ப்பாணத்தின்மேல் வந்தார். மன்னார்க் கொலைக்குப் பழிவாங்குதல் என்பது அப்படையெடுப்புக்குச் சொல்லப்பட்ட காரணங்களுள் ஒன்று. நல்லூர் வீழ்ந்தது. சங்கிலி கோப்பாய்க்கும் அதற்கப்பாலும் பின்வாங்கினான். திறையும் திரவியமும் தருவதாக உடன்பட்டு, பட்டத்துக்குரிய மைந்தனையே பிணையாகக் கொடுத்தான். நல்லூரில் எடுத்த பொருள்களுள் ஒன்றைப் புத்தரின் தந்தம் என்று கருதிக் கோவைக்குக் கொண்டுசென்றனர். பெகு மன்னன் பெரும்பொருள் தருவதாக வேண்டியும் கொடாமல் 1561இல் அங்கே அதனை இடித்து எரித்தனர். மெய்யான தந்தம் அதுவன்று என்பது பௌத்தர் கொள்கை.

போர்த்துக்கேயர் வென்றோமென்று இறுமாந்திருந்த வேளையில் நாடு முழுவதும் ஒரே நாளில் எழுந்ததுபோல் மக்கள் எழுந்தனர். சிதறியிருந்த பறங்கியர் ஆங்காங்கே வெட்டுண்டனர். பதிலரசர் உயிர்தப்பிக் கப்பலேறினார். சங்கிலியின் வாழ்நாளில் மிகச் சிறந்த வெற்றி இதுவே, இதை எண்ணியே அவனை நாம் வீரனென்று போற்றுகின்றோம், போற்றுதலுந் தகும். ஆனால் யாழ்ப்பாணத்தை விட்ட கப்பல்கள் நேரே கோவைக்குப் போகவில்லை. அவை மன்னாருக்கே சென்றன. பதிலரசர் தீவில் இறங்கிக் கோட்டை கட்டத் தொடங்கினார். எதிர்க்கரையில் வடுகர் தொல்லைக்கு ஆளாகியிருந்த பரதவர் சிலரையும் கொணர்ந்து குடியமர்த்தினார். எந்தத் தீவைப் பறங்கியர் கையிற் போகாமற் காக்கவென்று சங்கிலி அறுநூறு பேரை வெட்டினானோ, அந்தத் தீவு பதினாறு ஆண்டுகளில் அவன் கண்முன்னே பறங்கியர் கையிற் போயிற்று. மீண்டும் அது நல்லூருக்குத் திரும்பவேயில்லை.

சங்கிலியின் இறுதிக் காலம் புகழுடையதன்று. 1560ஐ அடுத்த சில ஆண்டுகளுக்குள் அவன் அரியணையை விட்டு நீங்கினான்; அவனுக்குப் பின் புவிராச பண்டாரம் முதலியோர் வந்தனர். மன்னார்க் கோட்டையோ நல்லூரின் நெஞ்சுக்கு நேரே நீட்டிய வேல்போல நின்றது. 1591இல் அந்திரே பூர்த்தாடோ டி மென்டோன்சா படைநடத்தியது மன்னாரிலிருந்தே. அப்போரில் நல்லூர் மன்னன் கொல்லப்பட்டான். அவனுக்குப் பின் எதிர்மன்னசிங்கம் பறங்கியர் வைத்த மன்னனாக அமர்ந்தான். 1619இல் எல்லாம் முடிந்தது. எதிரே மாதோட்டத்திற் பாடல்பெற்ற திருக்கேதீச்சரமும் பறங்கியரால் இடிபட்டது. அதன் கற்கள் மன்னார்க் கோட்டைக்குப் போயின என்பது வழிவழிச் செய்தி. ஆறுமுக நாவலர் 1872இல் அறைகூவல் விடுக்கும்வரை அத்தலம் காடு மூடிக் கிடந்தது. 1658இல் ஒல்லாந்தர் மன்னாரைப் பிடித்தபோது துன்பம் கத்தோலிக்கர் பக்கம் திரும்பிற்று. மாந்தையிலிருந்த மாதாவின் திருச்சொரூபத்தைத் தூக்கிக்கொண்டு சில குடும்பங்கள் 1670இற் காட்டுக்குள் ஓடின. அதுவே இன்று எல்லாச் சமயத்தாரும் கூடும் மடுத் திருப்பதி.

அந்த மாணவனின் கேள்வி என்னை விடவில்லை. அடுத்த பாடசாலை விடுமுறையில் அவனுடனும் வேறு சில பிள்ளைகளுடனும் தோட்டவெளிக்குச் சென்றேன். அங்கே வேதசாட்சிகளின் இராக்கினியாகிய மாதாவின் பெயரால் ஆலயம் ஒன்று உண்டு. வெட்டுண்டவர்களின் நினைவாக நிற்பது அது. மணல் சுடும் பகற்பொழுது. பிள்ளைகள் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போயினர், திருநீறணிந்தவர்களும் போயினர், நானும் போனேன். வெளியே வந்து பனைநிழலில் அமர்ந்தபோது, முன்னொரு நாள் நாளைக்குச் சொல்வதாகச் சொன்ன விடையை அவனுக்குச் சொன்னேன். முனிவர் வந்து சொன்னதாக எழுதியிருப்பது பின்னால் வந்தவர்கள் எழுதியது. நல்லூரிலிருந்து மன்னாருக்கு வரும் வழி நெடியது, இடையில் எத்தனையோ இடத்திற் படையைத் திருப்பியிருக்கலாம், மன்னன் திருப்பவில்லை. ஆகவே குற்றம் அவனுடையதுதான் என்றேன். அவன் சிறிது நேரம் பேசாதிருந்தான். பின்னர், அப்படியானால் பறங்கியரைத் துரத்தியதும் அவன் தானாகவே செய்ததுதானே, அந்தப் புகழையும் முனிவருக்குக் கொடுக்கக்கூடாது அல்லவா என்றான். அதை நான் எண்ணிப் பார்த்திருக்கவில்லை.

அதன்பின் அப்பாடத்தைச் சொல்லும் முறையை மாற்றிக்கொண்டேன். பரராசசேகரனின் அவையில் இப்போது நான் தொடங்குவதில்லை. 1544ஆம் ஆண்டு மன்னார்க் கரையில் தொடங்குகின்றேன். அங்கிருந்து 1560க்கு வருகின்றேன். சுபதிட்ட முனிவரைக் கடைசி நாளில், மயில்வாகனப் புலவரின் வரலாற்றோடு சேர்த்து வகுப்புக்குள் அழைத்து வருகின்றேன்.